ஒரு விரக்கடை

சாப்பாட்டு மேஜைமேல் இரண்டு எவர்சில்வர் டம்ளர்களை வைத்துக் குறும்படம் எடுத்துக்கொண்டிருந்தேன். ஒரு டம்ளரைத் துளி நகர்த்தி ஒரு போட்டோ, மறுபடி நகர்த்தி இன்னொன்று. எல்லாவற்றையும் சேர்த்து ஓட்டினால் டம்ளர் தானாக நடந்துபோகும். மேஜையில் அது உரசிய 'கிரீச்' காதில் விழுந்ததும், கும்மிடிப்பூண்டி வாடகை வீட்டின் கடப்பைக்கல் மேடை முன்னால் போய் நின்றுவிட்டேன்.

அப்போது நைனாவுக்கு இரும்பு மில்லில் நைட் ஷிப்ட், அம்மாவுக்குக் கையுறை கம்பெனியில் பகல் ஷிப்ட். சண்டை வந்தால், பேசித் தீர்த்துக்கொள்ள இருவரும் ஒரே நேரத்தில் வீட்டில் இருக்க மாட்டார்கள். அம்மா நைனாவின் டம்ளரை மேடையின் அந்தக் கோடியில் 'டங்'கென்று வைத்துவிட்டுக் கம்பெனி பஸ் ஏறிவிடுவாள். கிரீஸ் வாடையோடு வரும் நைனா, அதை அம்மாவின் டம்ளர் பக்கமாக ஒரு விரல் அகலம், ஒரே ஒரு விரக்கடை, நகர்த்திவிட்டுத் தூங்கப் போவார். சாயங்காலம் அம்மா வந்து அதை முறைப்பாள். சில நாள் பழைய இடத்துக்கே தள்ளுவாள். சில நாள் தன்னுடையதையும் கொஞ்சம் நகர்த்துவாள். பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் நான் முதலில் பார்ப்பது அந்த மேடையைத்தான். இரண்டும் ஒட்டி நிற்கும் அன்றைக்கு வீடே கருவாட்டுக் குழம்பு மணக்கும்.

படம் முடிந்ததும் இருவருக்கும் டீ கொடுத்து, போட்டுக் காட்டினேன்.

"இன்னாடி இது, ஒரு நிமிசத்துல சேந்துக்கிச்சி? உங்க நைனாக்கு ஒரு வாரம் ஆவுமே!" என்றாள் அம்மா.

நைனா அம்மாவின் டம்ளரை ஒட்டியிருந்த தன் டீ டம்ளரை ஒரு விரக்கடை தள்ளி வைத்தார்.

அவர் கையை எடுப்பதற்குள் அம்மாவின் டம்ளர் கிரீச்சென்று பக்கத்தில் வந்து நின்றது.