ததேயுஸ் தூக்கிய கை

பழைய கடலோரப் போராட்டங்களைப் பற்றி டிவியில் எந்த ஆவணப்படம் போட்டாலும் இனயம் ஊர்க்காரர் ததேயுஸ் அதில் ஒரு நொடி வந்துபோவார். மடித்துக் கட்டிய சாரம், பிளந்த வாய், மேலே தூக்கிய கை. பின்னணியில் ஒரு கனத்த குரல், "கொதித்தெழுந்த மக்கள்" என்று சொல்லும்.

மக்கள் கொதித்தது உண்மை. ததேயுஸ் கொதிக்கவில்லை. அன்றைக்குக் குளச்சலில் நடந்த சாலை மறியலில் ஒரு மீன் வண்டி மாட்டிக்கொண்டது. வெயிலில் சாளை மீன் கெட்டுவிடும் என்று தார்ச்சாலையிலேயே கொட்டி ஏலம் விட்டார்கள். சைக்கிளில் மீன் விற்கும் ததேயுஸ் கையைத் தூக்கி ஏலம் கேட்டார். கேமராக்காரனுக்கு மீன் ஏலத்தைப் பற்றி என்ன எழவு தெரியும்?

டிவியில் பார்த்துப் பார்த்து ததேயுஸே அந்தக் குரலை நம்பிவிட்டார்.

போன மாதம் ஊர் இளைஞர் மன்றத்தில் அவருக்குப் பொன்னாடை போர்த்தி, படத்தில் நின்றதுபோல நிற்கச் சொன்னார்கள். ததேயுஸ் கையை உயர்த்தினார். கைதட்டல் ஓய்ந்த பிறகும் கை இறங்கவில்லை.

முன்வரிசையிலிருந்து அவர் மனைவி பிலோமினா கத்தினாள்:

"கைய எறக்கும்! அன்னைக்கும் இப்பிடி எறக்காம நின்னுதான் நாறுன சாளை முழுக்க நம்ம தலையில வந்து விழுந்துது!"