ஒரு கண் மூடாத பொம்மை

எங்கள் குடும்ப வாட்ஸப் குழுவில் இருப்பதுபோல் வெட்டி அறிவாளிகள் சங்கரன்கோவில் வட்டாரத்திலேயே கிடையாது. அத்தான் துபாயிலிருந்து கொண்டுவந்த பொம்மையை அக்கா மகள் தொலைத்துவிட்டாள். ஐந்து வயது. "பொம்மை வந்தாத்தான் அப்பாட்ட பேசுவேன்" என்று வீடியோ காலில் திரும்பி உட்கார்ந்துகொண்டாள். மூன்று வாரமாக அத்தான் மகளின் முதுகைத்தான் பார்த்தார். அதேபோல் ஒன்று வாங்கிவிடுவது என்று நான் இறங்கினேன்.

போட்டோ கிடையாது. பிள்ளை சொன்ன துப்பு மூன்றுதான். நீல முடி, தலை சாய்ந்தால் வலது கண் மட்டும் மூடும், இடது மூடாது, பிடரியில் தேய்ந்துபோன ஏதோ எழுத்து. வாங்கியவரையே கேட்டேன்.

"ஏதோ ஒரு கடைல வாங்குனேன் மாப்ள. நீல முடியா? கருப்புன்னுல்லா நெனச்சேன்."

தகப்பன் லட்சணம் இது. குழுவில் கேட்டால், திருவேங்கடத்துச் சித்தப்பா கரடி பொம்மை படம் அனுப்பினார். ஒரு மதினி காலை வணக்கம் போட்டாள். பஜாரில் ஃபேன்ஸி கடைக்காரர் முழுதாகக் கேட்காமலே, "அது சைனா மாலு அண்ணாச்சி" என்றார். எதுதான் சைனா மால் இல்லை? கண் இருந்து என்ன புண்ணியம், ஒரு ஜென்மத்துக்கும் பார்க்கத் தெரியவில்லை என்று குழுவிலேயே எழுதினேன்.

அந்த வாரம் நான் கட்டும் வீட்டுக்குத் தளம் போட்டோம். எல்லோரும் கலவை மிஷினைப் பார்க்க, அக்கா மகள் அண்ணாந்து பார்த்தாள். முன்பக்கக் கம்பில் திருஷ்டிக்குக் கட்டிய பொம்மை தலைகீழாகத் தொங்கியது. முகமெல்லாம் கரி, தலையில் சிவப்புத் துணி, கொத்தனார் வரைந்த மீசை. வலது கண் மூடியிருந்தது. இடது கண் என்னையே பார்த்தது.

திருஷ்டிக்குப் பழைய பொம்மை வேண்டும் என்று கொத்தனார் கேட்டபோது, அக்கா வீட்டுக் கட்டிலடியில் கைக்கு வந்ததைப் பையில் போட்டுக் கொடுத்தவன் நான்தான். அதன் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. பிறகு தினமும் அதன் அடியில் நின்றுதான் ஊரையெல்லாம் ஏசினேன். எனக்கே என்மேல் அருவருப்பாக இருந்தது.

கொத்தனார் அவிழ்த்துக் கொடுத்தார். பிள்ளை சிவப்புத் துணியை உருவி எறிந்துவிட்டு, கவுனால் கரியைத் துடைத்துக்கொண்டே அப்பாவுக்குப் போன் போடச் சொன்னாள். மூன்று வாரத்துக்குப் பிறகு அவர் முகத்தைப் பார்த்து அவள் பேசிய முதல் பேச்சு:

"அப்பா, மாமாதான் இதைத் தொங்கவிட்டாவ."

அத்தானுக்குக் கண் கலங்கிவிட்டது. பொம்மையை உற்றுப் பார்த்தார்.

"ஆமா மாப்ள, நீல முடிதான்" என்றார்.