சட்டைக் காட்சியை ஏன் அழித்தேன்

"நீங்க எழுதுனதுலயே அதுதானுங்கப்பா நல்ல சீனு. ஏன் அழிச்சீங்க?" என்று பிள்ளைகள் நீங்கள் இருவரும் கேட்டீர்கள். வாயால் சொன்னால் பாதியை விட்டுவிடுவேன். அதனால் எழுதித் தருகிறேன்.

சீரியலுக்கு வசனம் எழுதப் போகும் முன்பு நான் இங்கே ஒரு பத்திரிகைக்குச் செய்தி அனுப்பிக்கொண்டிருந்தேன். ஒருநாள் சாயப்பட்டறைத் தொட்டியைக் கழுவ இறங்கிய ஒருவர் மூச்சுமுட்டி இறந்துபோனார். தெற்கேயிருந்து பிழைக்க வந்த குடும்பம். அவர் மனைவி வாசலில் அழாமல் உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும், "கொடியில அவுக சட்டை கெடக்கு அண்ணாச்சி. காலைல தொவச்சது. இன்னும் ஈரம் காயல," என்றார். குறித்துக்கொண்டேன். பத்திரிகையில் நாலு வரி வந்தது, சட்டை வரவில்லை. அந்த நோட்டை மட்டும் பத்திரமாக வைத்திருந்தேன்.

பிறகு சென்னையில் சீரியல் டைரக்டர், "கதாநாயகி அழணும். புதுசா ஏதாவது குடுங்க," என்றார். சட்டையை எடுத்துக் கொடுத்தேன். கதையில் புருஷன் சாகக்கூட இல்லை, வேறொருத்தியோடு போய்விட்டான். அவள் பட்டுப்புடவையும் நகையுமாக நின்றாள். உதவியாள் ஒருவர் புதுச்சட்டையில் இஸ்திரிக்குத் தெளிப்பதுபோலத் தண்ணீர் தெளித்தார். "இத மூணு நாளைக்கு இழுக்கலாம்," என்றார் டைரக்டர். இழுத்தேன். எல்லோரும் கைதட்டினார்கள், எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

சீரியல் முடிந்து ஊர் திரும்பி, கல்லூரியில் தற்காலிகமாகத் திரைக்கதை வகுப்பு எடுத்தேன். போன மாதம் அவிநாசிபாளையம் பஸ் ஸ்டாப்பில், அன்று சட்டையைப் பற்றிச் சொன்ன அந்த அம்மாவைப் பார்த்தேன். இப்போது பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை.

"டிவியில வந்தது நான் சொன்னதுல்லா, அண்ணாச்சி?"

"ஆமாங்க."

"அந்தப் பொம்பள சட்டையக் கட்டிப் புடிச்சுல்லா அழுதா. எத்தன தொவச்சாலும் அவுக சட்டையில சாய நாத்தம் போவாது. மூஞ்சிகிட்ட கொண்டுபோவ முடியாது. எம்மவ பாத்துட்டு டிவிய அமத்திட்டா. இனி அத யாருக்கும் காட்டாதீய."

"காட்ட மாட்டேனுங்க," என்றேன்.

அந்த வாரமே கல்லூரித் துறைத்தலைவர் கூப்பிட்டார். "ஏனுங்க சார், நாளைக்கு உங்க கிளாஸப் பாக்க நிர்வாகத்துல வர்றாங்க. சட்டை சீனப் போட்டு நடத்துங்க. வேலை நிரந்தரம் ஆயிருமுங்க."

"அது என்னுது இல்லீங்க."

"டைட்டில்ல உங்க பேருதானுங்களே இருக்குது?"

மறுநாள் போடவில்லை. ஏன் போடவில்லை என்று, நிர்வாகத்தார் கடைசி வரிசையில் இருக்கும்போதே, நடந்ததைச் சொன்னேன். மன்னிப்புக் கேட்பதாக நினைப்பு. முன்வரிசைப் பெண் கேட்டாள்: "நெசமாவே நடந்ததுங்களா சார்? அப்ப இன்னும் சூப்பருங்க."

எல்லோரும் எழுதத் தொடங்கினார்கள். "நோட்ட மூடுங்க கண்ணு," என்றேன். ஒருவரும் நிமிரவில்லை. காதில் விழுவதை விடாதீர்கள் என்று அவர்களுக்குச் சொல்லிக்கொடுத்ததே நான்தான்.

வீட்டுக்கு வந்து என்னிடமிருந்த காட்சிப் பதிவை அழித்தேன், நோட்டையும் கிழித்தேன். வேலை நிரந்தரம் ஆகவில்லை. அதில் வருத்தமில்லை. காட்ட மாட்டேன் என்றவன் ஒரு வகுப்பு முழுக்கச் சொல்லிவிட்டு வந்திருக்கிறேன். அதை அந்த அம்மாவிடம் நேரில் சொல்ல வேண்டும். ஞாயிற்றுக்கிழமை போகிறேன். நோட்டு, பேனா எடுத்துப் போகமாட்டேன்.