ஒன்றரை மணி நம்பர்

அப்பாவும் நானும் பேசாமல் இருந்த ஏழு மாதத்தில், அவர் நன்றாக இருக்கிறாரா இல்லையா என்று எனக்குச் சொல்லிக்கொண்டிருந்தது என் போனில் இருந்த ஒரு ஆப்தான். வரவு செலவு பார்க்கிற ஆப். அதில் என் கணக்கு, சவுதியில் இருக்கும் என் வீட்டுக்காரர் கணக்கு, இரண்டுக்கும் கீழே அப்பாவின் பென்ஷன் கணக்கு. மாதம் பிறந்து நாலைந்து நாளில் அப்பா கணக்கில் கொஞ்சம் குறையும். குறைந்தால், மனுஷன் எழுந்து நடமாடுகிறார், மினி பேங்க் வரைக்கும் போய்க் கைரேகை வைத்துப் பணம் எடுத்திருக்கிறார் என்று அர்த்தம். எனக்கு அது போதும் என்று நினைத்தேன். ஏன், போன் பண்ணிக் கேட்டால் வாய் வெந்துவிடுமா என்று நீங்கள் கேட்பீர்கள். கேளுங்கள். நானும் இப்போது அதைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

நான் புதுக்கோட்டையில் ஒரு பத்திர எழுத்தரிடம் டைப்பிங் வேலை பார்க்கிறேன். அப்பா அரிமளத்தில், தனியாக. பஸ் ஏறினால் ஒரு மணி நேரம்கூட ஆகாது. அம்மா போன பிறகு எங்கள் வீட்டோடு வந்து இருங்கள் என்று எவ்வளவோ கூப்பிட்டுப் பார்த்தேன். "அங்கிட்டு வந்து டிவி முன்னாடி ஒக்காந்துக்கிட்டு நான் என்னத்தா பண்ணப் போறேன்" என்று சொல்லிவிட்டார். முப்பது வருஷம் கண்டக்டராக நின்றுகொண்டே பிழைத்தவர். உட்காரச் சொன்னாலே அவருக்குக் கோபம் வரும்.

தனியாக இருக்கிற மனுஷனை எவனாவது போனில் பேசி ஏமாற்றிப் பென்ஷனை உருவிவிட்டால் என்ன செய்வது என்று நான்தான் பயந்தேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை போய்க் கறிக்குழம்பு வைத்துக் கொடுத்து, சாப்பிட்ட கையோடு அவர் கணக்கை என் ஆப்பில் இணைத்தேன். அவர் போனுக்கு ஓடிபி வந்தது. கண்ணாடியைத் தேடி மாட்டிக்கொண்டு, ஸ்டாப் பெயர் கத்துகிற அதே குரலில் ஆறு எண்களையும் வாசித்தார். வாசித்து முடித்துவிட்டுச் சந்தேகம் வந்துவிட்டது.

"இத யாருகிட்டயும் சொல்லக்கூடாதுன்னு போட்டிருக்கானேத்தா?"

"நான் என்ன யாரோவாப்பா?"

"அதுவுஞ் சரித்தான்" என்று சொல்லிவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

பிறகு என் புத்தி எங்கே போனது என்று தெரியவில்லை. பார்க்க முடிகிறது என்றால் பார்க்கத் தோன்றுகிறது. ஐந்நூறு எடுத்தால்கூடக் கூப்பிட்டு, "என்னப்பா, ஐந்நூறு எடுத்தீங்களா?" என்பேன். அக்கறை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். ஆறேழு மாதம் அவரும் பொறுமையாகப் பதில் சொன்னார். ஒருநாள் மொத்தமாகப் பத்தாயிரம் போயிருந்தது. ஆபீசில் இருந்தே கூப்பிட்டேன்.

"எதுக்குப்பா பத்தாயிரம்?"

"ஒரு செலவு."

"அதான் என்ன செலவு?"

அப்பா நிதானமாகச் சொன்னார். "ஏத்தா, முப்பது வருசத்துல எம் பையில கைய விட்டவன் செக்கிங் இன்ஸ்பெக்டர் மட்டுந்தான். அவங்கூட பஸ்ஸ நிப்பாட்டி, ஏறி வந்து, மொகத்துக்கு நேரா நின்னுதான் கேப்பான். நீ இருந்த எடத்துலயே ஒக்காந்துக்கிட்டு எட்டிப் பாக்குறியா?"

அந்த இடத்தில் ஒரு "சரிப்பா" சொல்லியிருந்தால் முடிந்துபோயிருக்கும். எனக்கு வாய்க்கொழுப்பு கொஞ்சமா நஞ்சமா? "ஆமா, செக்கிங்தான். கணக்கு ஒழுங்கா இருந்தா எதுக்கு இவ்வளவு கோவம் வருது?" என்றேன். ஒரு கண்டக்டரைப் பார்த்துக் கேட்கிற கேள்வியா அது? பெற்ற மகள் கேட்கிற கேள்வியா? நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருக்கிறது இப்போது.

"சரித்தா. இனிமே நான் கூப்பிட மாட்டேன். நீயாக் கூப்பிட்டா பேசுறேன்" என்று வைத்துவிட்டார். அந்தப் பத்தாயிரம் எதற்கென்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அவர் கூப்பிடவில்லை. நான் மட்டும் கூப்பிடுவேனா? அவர் பெற்ற பிள்ளைதானே, வீம்பில் குறைந்துபோவேனா? வீட்டுக்காரர் சவுதியிலிருந்து, "மாமாகிட்ட ஒரு வார்த்த பேசிரு" என்று சொல்லிச் சொல்லி அலுத்துப்போனார். மாதம் பிறந்தால் ஆப்பைத் திறந்து பார்ப்பேன். கணக்கில் குறைந்திருக்கும். சரி, இருக்கிறார் என்று மூடிவிடுவேன். இப்படியே ஐந்து மாதம் ஓடியது.

புரட்டாசியில் ஒருநாள் அப்பா கணக்கின் பக்கத்தில் சிவப்புப் புள்ளி வந்தது. இணைப்பு துண்டிக்கப்பட்டுவிட்டது, மீண்டும் இணைக்கவும் என்று போட்டிருந்தது. தொகை மட்டும் பழையபடி அப்படியே நின்றது. கீழே எறும்பு மாதிரி எழுத்தில், கடைசியாகப் பார்த்தது இத்தனை நாளுக்கு முன்பு என்று இருந்தது. உதவிப் பக்கத்தில் போய்க் கேட்டேன். ஒரு மெஷின் பதில் சொன்னது: ஆப்பை அழித்துவிட்டு மறுபடியும் ஏற்றுங்கள். செய்தேன். என் கணக்கும் வீட்டுக்காரர் கணக்கும் சேர்ந்து அறுந்துகொண்டன. டூட்டி முடிந்து தூங்கியவரை எழுப்பி ஓடிபி வாங்கி, இரண்டையும் சரிசெய்து முடிப்பதற்குள் உயிர் போய்விட்டது. அப்பாவுடையது மட்டும் சிவப்பாகவே இருந்தது.

கடைசியில் ஒரு பெண் போனில் கிடைத்தாள். "மேடம், நீங்க வாங்குன அனுமதி ஒரு வருஷத்துக்குத்தான். அது முடிஞ்சிருச்சு. அவங்க நம்பருக்கு ஓடிபி போகும், கேட்டுப் போட்டுக்கங்க."

"அவர்கிட்ட கேக்காம வேற வழி இல்லையா?"

"அவங்க உங்களுக்கு என்ன வேணும் மேடம்?"

"அப்பா."

"அப்ப ஈசிதான் மேடம்" என்றாள். பட்டென்று வைத்துவிட்டேன். ஈசியாம்! அவளுக்கென்ன தெரியும் எங்கள் லட்சணம்.

அரிமளத்தில் மினி பேங்க் வைத்திருக்கும் அக்காவைப் பிடித்தேன். அப்பா பணம் எடுப்பது அவரிடம்தான். நான் இங்கிருந்து அழுத்துகிறேன், அப்பா போனுக்கு நம்பர் வரும், பார்த்துச் சொல்லுங்கள் என்றேன். அக்கா பாவம், கடையை விட்டு இறங்கிப் போய்விட்டு வந்து கூப்பிட்டார்.

"காட்ட மாட்டேங்குறாரும்மா. 'யாருகிட்டயும் சொல்லக்கூடாதுன்னு போட்டிருக்கு, எம் மக கேட்டாச் சொல்றேன்'ங்கிறாரு."

"நான் கேட்டுத்தானேக்கா நீங்க போனீங்க?"

"அதையுஞ் சொல்லிட்டேன். 'அவ வாயாலயே கேக்கட்டும், போன் போடச் சொல்லுங்க'ன்னுட்டாரு. சிரிச்சுக்கிட்டேதான் சொன்னாரும்மா. ஒரு போனப் போட்டுத்தான் கேளேன்."

அப்படியா சேதி என்று எனக்குக் கோபம் மூக்குக்கு மேலே வந்துவிட்டது. மறுநாள் மத்தியானம் ஆபீசில் சாப்பிட்டு, டிபன் பாக்ஸைக் கழுவி வைத்துவிட்டு, ஆப்பைத் திறந்து 'மீண்டும் இணைக்கவும்' என்பதை ஓர் அழுத்து அழுத்தினேன். அங்கே அவர் போன் டிங்கென்று கத்தியிருக்கும். கத்தட்டும். எண் போடுகிற கட்டத்தைக் காலியாக விட்டு மூடிவிட்டேன். அதற்கடுத்த நாளும் அதே ஒன்றரை மணிக்கு அழுத்தினேன்.

முதல் வாரம் கோபம்தான். பிறகு அது என்னவென்று எனக்கே சொல்லத் தெரியவில்லை. திருச்சியில் ஹாஸ்டலில் இருந்து படித்தபோது, ஊரிலிருந்து போய்ச் சேர்ந்ததும் அப்பாவுக்கு ஒரு மிஸ்டு கால் கொடுப்பேன். ஒரு ரிங் போனதும் அவர் கட் பண்ணிவிடுவார். சேர்ந்துவிட்டேன், சரி என்று அர்த்தம். காசும் ஆகாது. இதுவும் அப்படி ஆகிப்போனது. சாப்பிட்டுவிட்டேன்ப்பா என்று சொல்வதுபோல அழுத்துவேன். ஞாயிறு தவிர ஒருநாள் விட்டதில்லை. அவருக்கு அது விளங்காது, சும்மா கத்துகிறது என்று விட்டிருப்பார் என்றுதான் நினைத்தேன். சிவப்புப் புள்ளிக்குப் பக்கத்தில் பழைய தொகை அப்படியே நிற்கும். அதைப் பார்க்கும்போது அவரும் அப்படியே இருக்கிறார் என்று ஒரு நம்பிக்கை. கீழே இருந்த எறும்பு எழுத்தை நான் படிப்பதை விட்டுவிட்டேன்.

ஐப்பசியில் ஒரு வியாழக்கிழமை மத்தியானத்துக்கு மேல் மழை பிடித்தது. விடவே இல்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் மினி பேங்க் அக்கா கூப்பிட்டார்.

"ஏம்மா, ஐயா ஒங்க வீட்டுலதான இருக்காரு?"

"இல்லையேக்கா."

"அய்யய்யோ. மழைக்கு ஒங்கிட்ட வந்துட்டாருன்னுல்ல நாங்க இருக்கோம்? பால் பாக்கெட்டு வாசல்லயே கெடக்குதேன்னு வந்து பாத்தேன். கதவு உள்ளுக்குள்ள தாப்பாப் போட்டிருக்கும்மா."

நான் ஆட்டோ பிடித்துப் போய்ச் சேர்வதற்குள் பின்கதவை உடைத்துவிட்டார்கள். கட்டிலுக்குப் பக்கத்தில், கீழே கிடந்தார். தலையில் ரத்தக்குழாய் வெடித்திருக்கிறது என்று டாக்டர் சொன்னார். எப்போது என்று கேட்டேன். "வெள்ளிக்கிழமையா இருக்கலாம்." உடனே போய்விட்டாரா என்று கேட்டேன். டாக்டர் பேனாவை மூடிப் பையில் வைத்துக்கொண்டு, "அப்படியே நெனச்சுக்கங்கம்மா" என்றார்.

எடுத்து முடித்து வீடு கழுவிய பிறகு, தெருப் பெண்கள் ஒவ்வொருவராக வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்கள். தினமும் மகள் பேசுகிறாள் என்று சொல்வாரே, கொடுத்துவைத்த மனுஷன் என்றார்கள். எனக்கு ஒன்றும் புரியவில்லை. என்னோடு சண்டை என்று ஒருவரிடமும் சொல்லவில்லையா இவர்? எல்லாரும் போன பிறகு அக்காதான் சொன்னார்.

"எங்கடையில வந்து ஒக்காருவாரும்மா. ஒரு மணி ஆயிட்டா எந்திரிச்சிருவாரு. 'ஒன்றரைக்கு எம் மக நம்பர் அனுப்புவா, சாப்புட்டுட்டு ரெடியா இருக்கணும்'பாரு. நான்கூடக் கேலி பண்ணுவேன், மழ பேஞ்சாலும் வண்டி டயத்துக்குக் கெளம்புது பாருன்னு."

கட்டிலின் மேல் அவர் போன் கிடந்தது. பக்கத்தில் ஒரு நாற்பது பக்க நோட்டு, அதன் மேல் மூடி திறந்த பேனா. நோட்டை எடுத்துப் பார்த்தேன். கண்டக்டர்கள் ஸ்டேஜுக்கு ஸ்டேஜ் டிக்கெட் நம்பரைக் குறித்துக்கொண்டு போவார்களே, அதே மாதிரி ஸ்கேல் வைத்துக் கோடு போட்டிருந்தார். வரிசை எண், தேதி, நேரம், நம்பர். முதல் பக்கத்தின் மேலே, 'மகள் கேட்டால் சொல்ல வேண்டியது' என்று எழுதி அடிக்கோடு இழுத்திருந்தார்.

நான் அழுத்திய ஒவ்வொரு ஓடிபியும் அதில் இருந்தது. ஒன்றுகூட விடவில்லை. ஒன்று முப்பத்திரண்டு, ஒன்று முப்பத்தைந்து, ஒன்று முப்பத்தொன்று. ஞாயிற்றுக்கிழமைகளில் 'லீவு' என்று எழுதியிருந்தார். அந்த நம்பருக்குப் பத்து நிமிஷம்தான் உயிர், அதற்கப்புறம் எதற்கும் ஆகாது என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை. என்றைக்காவது நான் கூப்பிட்டு எந்த நாள் நம்பரைக் கேட்டாலும் சொல்ல வேண்டும் என்று சேர்த்துவைத்திருக்கிறார் மனுஷன். கட்டிலைப் பிடித்துக்கொண்டு ஓவென்று கத்திவிட்டேன். அக்கா ஓடி வந்து தண்ணீர் கொடுத்தார்.

கடைசிப் பக்கத்தில் வியாழக்கிழமை வரைக்கும் நம்பர் இருந்தது. அதற்கடுத்த வரியில் வெள்ளிக்கிழமை தேதி. வண்டி எடுப்பதற்கு முன்பே தேதியை எழுதி வைத்துக்கொள்கிற பழக்கம் அவருக்கு. தேதி போட்டிருந்தார். நேரத்தையும் நம்பரையும் எழுதுகிற கட்டங்கள் காலியாக இருந்தன. போனைத் திறந்து பார்த்தேன். படிக்காத மெசேஜ் இரண்டு. முதலாவது வெள்ளிக்கிழமை ஒன்று முப்பத்து நாலுக்கு வந்தது.

அது வந்தபோது அவர் ஏற்கெனவே கீழே கிடந்தாரா, அதை எடுக்க எழுந்தபோதுதான் விழுந்தாரா, எனக்குத் தெரியாது. ஆனால் ஒன்று தெரியும். வெள்ளிக்கிழமை நான் போன் பண்ணியிருந்தால், மணி அடித்துக்கொண்டே இருந்து அவர் எடுக்காமல் போயிருந்தால், அடுத்த பஸ்ஸில் ஓடியிருப்பேன். ஒரு மணி நேரம்கூட ஆகாது. ஓடிபி அனுப்பினால் எடுத்தாரா இல்லையா என்று அனுப்பியவளுக்குத் தெரியவா போகிறது? இரண்டாவது மெசேஜ் சனிக்கிழமை வந்தது. மழை அடித்து ஊற்றிக்கொண்டிருந்தது. நான் சாப்பிட்டு, டிபன் பாக்ஸைக் கழுவி வைத்துவிட்டு, அன்றைக்கும் அழுத்தினேன்.