நூறடி ஃபிலிமும் இரண்டு கழுகும்

பறவை, பிராணிகளைப் படம் பிடிப்பவனுக்கு இரண்டு முதலாளிகள்: ஒருவர் மதராஸில் இருப்பார், இன்னொன்று மரத்தில் இருக்கும். மரத்தில் இருப்பது திட்டாது, அவ்வளவுதான் வித்தியாசம். ஐம்பதுகளில் செங்கல்பட்டுப் பக்கம் டாக்குமெண்டரி எடுக்க என்னை அனுப்பியவர், "வெள்ளிக்கிழமைக்குள்ள திருக்கழுக்குன்றத்துக் கழுகு படத்துல வரணும். அது வரலேன்னா நீயும் வராதே" என்று சொல்லித்தான் ரயிலேற்றினார். முதலாளி வாய்த்தவர்களே, உங்களுக்கு நான் விளக்கவா வேண்டும்?

பிணம்

மகாபலிபுரம் கடற்கரையில் நண்டு வளையைவிட்டு வெளியே வருவதை எடுக்க, மணலில் குப்புறப் படுத்தேன். நண்டு எட்டிப் பார்த்தது. கேமராவை ஓடவிட்டேன். அந்த நேரம் பார்த்து மீன்கூடையோடு வந்த ஓர் அம்மாள், "ஐயோ, பொணம் ஒதுங்கிக்கீது!" என்று அலற, குப்பமே ஓடி வந்தது. படத்தில் விழுந்ததெல்லாம் வெறும் கால்கள். ஃபிலிம் அத்தனையும் பாழ், மிச்சம் நூறடிதான். நான் எழுந்து மணலைத் தட்டினேன். அந்த அம்மாளுக்கு வந்ததே கோபம்!

"இன்னாய்யா, உசுரோடதான் கீறியா? சொல்லிட்டுப் படுக்கக்கூடாது?"

மூன்று கால்

கழுகுக்கென்று அந்த நூறடியை மடியில் கட்டாத குறையாகப் பஸ் ஏறினேன். கேமராவை நிறுத்தும் ஸ்டாண்டுக்கும் டிக்கெட் வேண்டும் என்றார் கண்டக்டர். அது ஆளா என்று சண்டைக்குப் போனேன்.

"ரெண்டு காலு ஏறினாலே டிக்கெட்டு சார். இதுக்கு மூணு கீது, சும்மா ஏத்திக்கினு போவணுமா?"

பாவி

வியாழக்கிழமை உச்சிவேளை. மலைமேல் பாறையில் பொங்கலை வைத்துவிட்டு எல்லோரும் அண்ணாந்து நின்றோம். தினமும் அந்நேரம் தின்ன வரும் இரண்டு கழுகும் அன்று வரவில்லை. பாவி யாராவது கூட்டத்தில் இருந்தால் வராதாம். அத்தனை பேரும் என்னையும் கேமராவையும் திரும்பிப் பார்த்தார்கள். எனக்கே சந்தேகம் வந்துவிட்டது.

வெள்ளிக்கிழமை, கடைசி நாள். கேமராவுக்குச் சாவி முறுக்கி, பொத்தான்மேல் விரலை வைத்துக் காத்திருந்தேன். வந்தன ஐயா, இரண்டும் வந்தன! கூட்டம் "ஹர ஹர மகாதேவா!" என்றது. நானும்தான் கத்தினேன். கண்ணில் தண்ணீர். அவை தின்று, அலகைப் பாறையில் துடைத்து, பறந்து போன பிறகுதான் பார்த்தேன்: என் இரண்டு கையும் தலைக்குமேல் கும்பிட்டபடி இருந்தன. பொங்கல் வைத்த பெரியவர் தட்டை எடுத்துக்கொண்டே கேட்டார்:

"நேத்து உங்கள பாவின்னாங்க. இன்னைக்கு பக்தராயிட்டீங்க. எல்லாம் சரி, படம் எடுத்தீங்களா?"

அந்த நூறடியையும் அப்படியே முதலாளி மேஜையில் வைத்தேன். என் சர்வீஸில் நான் ஃபிலிமை மிச்சம் பிடித்தது அந்த ஒரு தரம்தான், வேலை போனதும் அந்த ஒரு தரம்தான்.