ஷ்வெங்க் அம்மாள் வீட்டுக்கு வெள்ளையடித்தது

சிதம்பரத்துக்குப் பழசு என்றாலே ஆகாது. கும்பகோணத்தில் கோயில் மதிலை ஒட்டிய வீட்டில் பிறந்தவன். ஆயிரம் வருஷத்துத் தூணில் மாடு முதுகு சொறிந்துகொள்வதையும், எதிர்த் தூணில் அவனுடைய சித்தப்பா முதுகு சொறிந்துகொள்வதையும் பார்த்தே வளர்ந்தவன். பழ ஈயின் கண்ணை ஆராய 1969-ல் டியூபிங்கன் பல்கலைக்கழகத்துக்குப் புறப்பட்டபோது, ஜெர்மனியில் எல்லாம் புத்தம் புதுசாகப் பளபளக்கும் என்று நம்பித்தான் விமானம் ஏறினான். கிடைத்தது என்னவோ, ஊருக்கு வெளியே ஒரு கிராமத்தில், 1690-ல் கட்டிய மரச்சட்ட வீட்டின் மாடியறை. நிமிர்ந்து நடந்தால் உத்தரம் இடிக்கும். ஐந்து வருஷத்தில் டாக்டர் பட்டம் வரவில்லை, நெற்றியில் புடைப்பு வந்துவிட்டது.

வீட்டுக்காரர் ஃபிராவ் ஷ்வெங்க். கணவரை இழந்தவர், முழங்கால் வலிக்காரர். சிதம்பரம் மனசுக்குள் அவரை ஷ்வெங்க் அம்மாள் என்றுதான் கூப்பிடுவான். அம்மாளுக்கும் பழசு ஆகாது, அதனால்தான் இருவருக்கும் ஒத்துப்போயிற்று. அம்மாளின் வெறுப்புக்குக் காரணம் கக்கூஸ். அது கொல்லைக் கோடியில், மாட்டுத் தொழுவத்துக்கும் அப்பால் இருந்தது. பனிக்காலத்தில் பாதை முழுக்கக் கண்ணாடியாக உறைந்துவிடும். ஒரு கையில் தடி, மறு கையில் சாம்பல் வாளி, வழியெல்லாம் சாம்பலைத் தூவிக்கொண்டே போய்த் தூவிக்கொண்டே திரும்புவார். லிஃப்ட் வைத்த அடுக்குமாடியில், வெந்நீர்க் குழாயும் வீட்டுக்குள்ளேயே கக்கூஸுமாக ஒரு வாழ்க்கை வேண்டும் என்பது அவருடைய ஒரே ஆசை.

1974 இலையுதிர் காலத்தில் ஆசை கைகூடும் போலிருந்தது. உள்ளூர் சேமிப்பு வங்கி வீட்டை வாங்கி, இடித்துத் தள்ளி, கார் நிறுத்தப் போவதாகச் சொன்னது. சிதம்பரம் வாயாரப் பாராட்டினான். தன் அறையும் சேர்ந்து இடிபடும் என்பது மட்டும் உறுத்திற்று. அந்தக் காலத்தில் தொலைபேசியில் அவன் பெயரைக் கேட்டதுமே காலி அறைகளுக்கெல்லாம் சட்டென்று வேறு ஆள் வந்துவிடும்.

குறுக்கே வந்தது ஒரு சட்டம். பழைய கட்டடங்களைக் காப்பாற்ற மாநில அரசு புதிதாகப் போட்டது. டாக்டர் லிண்டர் என்ற அதிகாரி கிராமம் கிராமமாகச் சுற்றிக்கொண்டிருந்தார். பக்கத்து வீட்டுக்கு வந்தவர், கறுத்த உத்தரங்களைக் கன்றுக்குட்டியைப் போலத் தடவிக் கொடுத்துவிட்டுப் போனார். அதன் பிறகு பக்கத்து வீட்டுக்காரரால் ஒரு ஜன்னலைக்கூட மாற்ற முடியவில்லை. பிப்ரவரியில் அம்மாள் வீட்டுக்கு வருவதாகத் தகவல்.

அந்தக் கறுப்பு மரம் கண்ணில் படாமல் போனால் தேவலை என்று அம்மாள் புலம்பினார். அப்போது ஜனவரி. போகிக்கு இரண்டு நாள் இருந்தது. எங்கள் ஊரில் இந்தச் சமயத்தில் வீட்டுக்கு வெள்ளையடிப்பார்கள் என்று சிதம்பரம் சொல்லித் தொலைத்தான். அம்மாளின் முகம் மலர்ந்துவிட்டது.

அடித்தான். சுண்ணாம்பைக் கரைத்து, அம்மாளின் துணி நீலத்தை அதில் ஒரு சிட்டிகை கலந்து, நடையில் சுவர், உத்தரம், தூண் என்று வித்தியாசம் பாராமல் பூசித் தள்ளினான். முன்னூறு வருஷத்துக் கறுப்பு ஒரே வாரத்தில் ஒழிந்தது. ஆனால் வெறும் வெள்ளைச் சுவர் அவன் கண்ணுக்குக் குளித்துவிட்டுத் துண்டு கட்டாமல் நிற்பது போல இருந்தது. கொட்டகையில் வண்டிக்குப் பூசும் செங்காவிப் பொடி கிடந்தது. சுவரோரமெல்லாம் பட்டை பட்டையாகக் காவி இழுத்தான். இந்தக் கண்றாவியைப் பார்த்தால் எந்த அதிகாரியும் ஓடிவிடுவான் என்று அம்மாள் மனசாரச் சிரித்தார்.

லிண்டர் ஓடவில்லை. வாயைப் பிளந்துகொண்டு நின்றார். பிறகு சின்னக் கத்தியை எடுத்துச் சுவரோரம் சுரண்டினார். சிதம்பரத்தின் சுண்ணாம்பு உதிர்ந்தது, அடியில் பழுப்புச் சாயம், அதற்கடியில் கரி. அதற்கும் அடியில், சிதம்பரம் இழுத்த அதே இடத்தில், பழைய வெள்ளையும் பழைய சிவப்புப் பட்டையும். வீட்டைக் கட்டியவன் கும்பகோணத்துக்காரனின் ரசனையோடு பிறந்திருக்கிறான், என்ன செய்வது? லிண்டர் கண் கலங்க சிதம்பரத்தின் கையைப் பிடித்துக் குலுக்கினார். வீடு இடிக்கக் கூடாத கட்டடங்களின் பட்டியலில் ஏறிற்று, வங்கி பின்வாங்கிற்று.

அம்மாள் சத்தம் போடவில்லை. அன்று மாலை மாடிப்படியின் கீழே நின்று சொன்னார்:

"உங்க அறையைக் காப்பாத்திக்கிட்டீங்க."

வேண்டுமென்று செய்யவில்லை என்று அவன் சத்தியம் செய்திருக்கலாம். ஆனால் லிண்டர் கையைக் குலுக்கிய கணத்தில் அறை தப்பியது என்று அவன் மகிழ்ந்தது உண்மைதானே. அவமானமாக இருந்தது. அன்று முதல் அம்மாளுக்கு அவன் திரு என்று மரியாதை சேர்த்த ஹெர் சிதம்பரம் இல்லை, வெறும் குடித்தனக்காரர்.

மாதக் கடைசியில் அம்மாள் கொல்லைப் பாதையில் வழுக்கி விழுந்தார். எலும்பு முறியவில்லை. ஆனால் சாம்பல் வாளி ஒருபுறமும் தான் ஒருபுறமுமாக, எழ முடியாமல் கிடந்தவரைத் தூக்கியபோது சிதம்பரத்துக்கு அழுகை வந்துவிட்டது. வீட்டுக்குள் கக்கூஸ் கட்ட அனுமதி கேட்டு அவனே லிண்டரிடம் போனான். நடைச் சுவரை உடைக்க வேண்டியிருக்கும், ஒரு செங்கல்லைக்கூடத் தொடக் கூடாது என்று லிண்டர் அன்பாகச் சொல்லி, காபி கொடுத்து அனுப்பினார்.

சிதம்பரம் ஸ்டுட்கார்ட்டில் நீரியல் படித்துக்கொண்டிருந்த நண்பன் வாசுதேவனைக் கூப்பிட்டான்.

"நான் டேம் டிசைன் பண்றவன்டா," என்றான் வாசுதேவன். "கக்கூஸ் பைப் எந்தப் பக்கம் சாயணும்னு எங்க ப்ரொஃபசர் சொல்லித் தரலியே."

இருந்தாலும் ஈஸ்டர் விடுமுறையில் வந்தான். அம்மாளின் படுக்கையறையை ஒட்டிய சாமான் அறையில் பீங்கானை இறக்கினார்கள். குழாய்க்காக நடைச் சுவரில் மரச்சட்டங்களுக்கு இடையே ஒரு கட்டத்தை மொத்தமாகப் பெயர்த்தெடுத்தார்கள். பிறகு பூசி, வெள்ளையடித்தார்கள். சிதம்பரத்தின் கை மரத்துப் போயிருந்ததால் காவிப் பட்டையை வாசுதேவன் இழுத்தான். பிரஷ்ஷையே முதல்முறை பிடிப்பவன், கோடு நடுங்கிற்று. அம்மாள் எல்லாவற்றையும் வாசலில் நின்று பார்த்தார். குடித்தனக்காரர் சாப்பிட வரலாம் என்று மட்டும் சொன்னார்.

ஐரோப்பா முழுக்கப் பழைய கட்டடங்களுக்கு விழா எடுத்த வருஷம் அது. கோடையில் லிண்டர் ஊர் மேயரையும் ஒரு கூட்டத்தையும் அம்மாள் வீட்டுக்கு அழைத்துவந்தார். நடையில் வரிசையாகக் காட்டிக்கொண்டே வந்தவர் சரியாக அந்தக் கட்டத்தின் முன்னால் நின்றார்.

"இங்கே மட்டும் கோடு நடுங்குவதைக் கவனியுங்கள்," என்றார் லிண்டர். "நம் இந்திய நண்பர் அடியில் உள்ள அசலை இம்மி பிசகாமல் பின்பற்றியிருக்கிறார். முன்னூறு வருஷத்துக்கு முந்தைய ஒரு கிழவரின் கை இது."

அந்தக் கிழவர் விழாவுக்காக ஸ்டுட்கார்ட்டிலிருந்து வந்து கூட்டத்தின் கடைசியில் நின்று கேக் தின்றுகொண்டிருந்தார். அவருக்குப் புரையேறிற்று.

அதே நேரம் சுவருக்குப் பின்னால் சங்கிலி இழுபடும் சத்தம் கேட்டது. பிறகு தண்ணீர். முன்னூறு வருஷத்துச் சுவருக்குள் அது தடதடவென்று இறங்கி, லிண்டரின் கால் பக்கமாகக் குலுங்கி, தெருவை நோக்கி ஓடிற்று. லிண்டர் சுவரைப் பார்த்தார், சிதம்பரத்தைப் பார்த்தார், தான் சொன்னதற்கெல்லாம் தலையாட்டிக்கொண்டிருந்த மேயரைப் பார்த்தார். காது மடல் வரை சிவந்தது.

"அடுத்த அறைக்குப் போகலாம்," என்றார்.

படுக்கையறைக் கதவு திறந்தது. அம்மாள் தடியில்லாமல், ஞாயிற்றுக்கிழமை உடையில், கையைத் துண்டில் துடைத்தபடி வெளியே வந்தார். மேயரைத் தாண்டி, லிண்டரைத் தாண்டி நேரே வந்து நின்றார்.

"நல்லா ஓடுது, ஹெர் சிதம்பரம்," என்றார்.

பிப்ரவரிக்குப் பிறகு அவர் அந்தப் பெயரைச் சொன்னது அன்றைக்குத்தான்.