வெளிச்சுவர் என்று நான் சொன்னது

அக்டோபர் 9, புதன்கிழமை. ஐந்து மணிக்கு எழுந்தேன். தொட்டிக்குத் தண்ணீர் ஏற்றினேன், சவரம் செய்தேன், இட்லி சாப்பிட்டுவிட்டுத் துறைமுக வேலைக்குப் பேருந்து ஏறினேன். மாலை திரும்பியபோது என் மனைவி மாடிப்படியின் கீழே நின்றிருந்தாள். கையில் கிழிந்த ரவிக்கைத் துணி.

"மேல போயி உங்க மேஸ்திரி லெட்சணத்தப் பாருங்க."

மொட்டைமாடியில் இருப்பது அவளுடைய தையல் அறை. இரண்டு பக்கம் வீட்டோடு ஒட்டிய செங்கல் சுவர். மேற்கும் தெற்கும் மரச்சட்டம் நிறுத்தி, வெளிப்பக்கம் பிளைவுட் அடித்த சுவர். போன சித்திரையில் அதற்குள் தைத்துக்கொண்டிருந்தவள் வெக்கை தாளாமல் மயங்கி விழுந்தாள். இன்னொரு கோடையை அவள் அப்படிக் கழிக்கக் கூடாது என்றுதான் தெர்மாகோல் ஒட்டிய ஜிப்சம் பலகை வாங்கினோம். பலகையை உள்ளே, சட்டத்தின்மேல் வைத்துத் திருகாணி முடுக்க வேண்டும். எந்தப் பலகையின் விளிம்பு எந்தச் சட்டத்தில் வர வேண்டும் என்று நானே பென்சிலால் கோடு போட்டு வைத்திருந்தேன்.

மேலே போனேன். அத்தனை பலகையும் வெளியே, வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது. உள்ளே, சட்டத்தில் பிடிக்காத திருகாணிகளெல்லாம் பிளைவுட்டைத் துளைத்து முனையை நீட்டிக்கொண்டிருந்தன. ரவிக்கைத் துணியைக் கிழித்தது அதில் ஒன்று.

மேஸ்திரி சாமான்களைக் கட்டிக்கொண்டிருந்தார்.

"என்னவே பண்ணி வச்சிருக்கீரு?"

"நீங்கதான அண்ணாச்சி வெளிச்செவருல அடிக்கச் சொன்னிய."

"செங்கச் செவர விட்டுட்டு வெளிச்செவருக்கு மட்டும் அடியும்னு சொன்னேன். வெளிப்பக்கம் அடிக்கவா சொன்னேன்? உள்ள கோடு போட்டிருந்தேனே, பாக்கலையா?"

"பாத்தோம். அலமாரிக்குப் போட்டிருப்பியன்னு நெனச்சோம்."

"ஒரு போன் பண்ணிக் கேட்டா என்னவே?"

"வேல நேரத்துல எதுக்குத் தொந்தரவுன்னுதான்."

சொல் இரண்டு பக்கமும் பொருள் தரும், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் ஜிப்சம் தண்ணீரைக் குடித்து மாவாகிவிடும் என்று தெரியாதவரா அவர்? ஐப்பசி மழை எட்டிப் பார்க்கும் நேரத்தில் அதைக் கொண்டுபோய்த் திறந்த வெளியில் அடிக்கும்போது, கை ஒரு கணமாவது தயங்க வேண்டாமா? சந்தேகம் வந்திருக்கிறது. கேட்கவில்லை. என்னால் பொறுக்க முடியாதது அதுதான்.

"மேல பெயிண்ட் அடிச்சிட்டா ஒண்ணும் செய்யாது அண்ணாச்சி," என்றார்.

பின்னாலேயே ஏறி வந்திருந்த என் மனைவி கேட்டாள்: "அப்பம் உம்ம வீட்டு அரிசி மூட்டைக்கும் பெயிண்ட் அடிச்சு மழையில வையுமே."

அவர் சிரித்தார். சிரித்தார்! வேம்பாரில் ஒரு வேலை இருக்கிறதாம், முடித்துவிட்டு அடுத்த வாரம் வந்து மாற்றித் தருகிறாராம். கிழக்கே கடல்மேல் மேகம் கறுத்துக் கிடந்தது. அதைக் காட்டினேன். "இது பெய்யாது அண்ணாச்சி," என்று சொல்லிப் படியிறங்கினார்.

விளக்கு வைக்கும் முன்பே தூறல் விழுந்தது. இருவருமாகத் தார்ப்பாயை இழுத்துக் கட்டினோம். காற்று அதை ஒரு பக்கம் தூக்கிக்கொண்டே இருந்தது. தெற்குச் சுவரில் ஒரு பலகையின் அடி விளிம்பை அமுக்கிப் பார்த்தேன். கட்டைவிரல் உள்ளே போனது.

மறுநாள் காலையில், தண்ணீர்கூட ஏற்றாமல், முதல் வேலையாகத் திருப்புளியை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போனேன். நனையாத மேற்குச் சுவரில் தொடங்கினேன். மனைவி பலகையைத் தாங்கிப் பிடித்துக்கொள்ள, முதல் திருகாணியைக் கழற்றினேன்.